அட்வான்ஸ் கொடுத்தவர் ஒருவர், கிரயம் முடித்தவர் இன்னொருவர்

மதுரையில் சிவில் வழக்குகள் மட்டும் நடத்தும் வழக்கறிஞர் நான். என் அலுவலகத்துக்கு வருகிறவர்களில் ஒரு சாரார் கையில் பிளாஸ்டிக் கவரோடு வருவார்கள். உள்ளே முத்திரைத்தாளில் எழுதிய கிரய ஒப்பந்தம் இருக்கும். அதன் பின்பக்கத்தில் வெவ்வேறு தேதிகளில், வெவ்வேறு பேனாக்களில் வரவு வைத்து எழுதி, ரெவின்யூ ஸ்டாம்பின் மேல் கையெழுத்து வாங்கியிருப்பார்கள். “அக்ரிமெண்ட் எங்கிட்ட இருக்கு வக்கீலம்மா. இடத்தை வேற ஆளுக்கு எழுதிக் குடுத்துட்டாங்க” என்பார்கள்.

இன்னொரு சாரார் அழகாக அடுக்கிய ஃபைலோடு வருவார்கள். கிரயப் பத்திரம், தாய்ப்பத்திரம், முப்பது வருட வில்லங்கச் சான்று, தங்கள் பெயருக்கு மாறிய பட்டா என்று எல்லாம் இருக்கும். கூடவே நீதிமன்றத்திலிருந்து வந்த சம்மனும் இருக்கும். “எல்லாம் பார்த்துத்தானே வாங்கினேன், என்னை ஏன் பிரதிவாதியா சேர்த்தாங்க?” என்று கேட்கும்போது இவர்கள் குரல் நடுங்கும்.

இந்த இரண்டு பேரும் ஒருவரையொருவர் பார்த்துக்கூட இருக்க மாட்டார்கள். இருவரிடமும் பணம் வாங்கியவர் ஒருவரே. வழக்கு என்று வந்த பிறகு அவர் பெரும்பாலும் நீதிமன்றத்தின் பக்கமே வருவதில்லை. நோட்டீஸை வாங்கிக்கொண்டு ஒருதலைப்பட்சமாகத் தீர்ப்பாகட்டும் என்று விட்டுவிடுகிறார். சண்டை, ஏமாந்த இருவருக்கும் இடையில் நடக்கிறது. சிவில் நீதிமன்றங்களில் நான் பார்க்கும் வழக்குகளில் இதுதான் எனக்கு மிகுந்த மனவேதனை தருவது. இரண்டு பக்கமும் உழைத்துச் சேர்த்த பணம். இருவரில் யாராவது ஒருவர் சரியான நேரத்தில் ஒரு கேள்வி கேட்டிருந்தால் பெரும்பாலான வழக்குகள் பிறந்தே இருக்காது.

முதலில், கையில் அக்ரிமெண்ட் வைத்திருப்பவரின் நிலை. அக்ரிமெண்ட் போட்டு அட்வான்ஸ் கொடுத்துவிட்டால் இடம் பாதி நம்முடையது என்ற எண்ணம் பரவலாக இருக்கிறது. சொத்துரிமை மாற்றுச் சட்டத்தின் 54-ஆவது பிரிவு இதற்கு நேர்மாறாகச் சொல்கிறது. விற்பதற்கான ஒப்பந்தம் தன்னளவில் அந்தச் சொத்தில் எந்த உரிமையையும், எந்தப் பொறுப்பையும் உண்டாக்காது. விலையில் பத்தில் ஒன்பது பங்கைக் கொடுத்திருந்தாலும் பத்திரம் பதியாதவரை உரிமை விற்பவரிடமே இருக்கிறது. பொது அதிகாரப் பத்திரத்தையும் அக்ரிமெண்டையும் சேர்த்து வாங்கிக்கொண்டு ‘இடம் வாங்கிவிட்டேன்’ என்று சொல்லும் பழக்கத்துக்கு உச்ச நீதிமன்றம் 2011-இல் முற்றுப்புள்ளி வைத்தது. அந்த வகைக் காகிதங்களால் சொத்து கைமாறாது என்று தீர்த்துச் சொன்னது.

அப்படியானால் அக்ரிமெண்ட் எதற்கு? அது ஒரு வாக்குறுதி. வாக்குறுதியை நிறைவேற்றச் சொல்லி நீதிமன்றத்தைக் கேட்கலாம். 1963-ஆம் ஆண்டின் குறித்தவகைத் துயர்துடைப்புச் சட்டம் இந்த உரிமையைத் தருகிறது. வழக்கறிஞர்கள் ‘ஸ்பெசிஃபிக் பெர்ஃபார்மன்ஸ்’ என்பார்கள். தமிழ் ஆவணங்களில் ‘ஏற்றதை ஆற்றுக’ வழக்கு என்று இருக்கும். பணத்தை வாங்கியவர் பத்திரம் எழுதித் தர வேண்டும் என்று நீதிமன்றம் உத்தரவிடும். அவர் வர மறுத்தால் நீதிமன்றமே அவருக்காகக் கையெழுத்திட்டுப் பதிந்து தரும்.

வாக்குறுதி கொடுத்தவரைக் கட்டாயப்படுத்துவது புரிகிறது. வாக்குறுதியே கொடுக்காத மூன்றாம் மனிதரை, அதாவது பின்னால் கிரயம் வாங்கியவரை, எப்படிக் கட்டாயப்படுத்துவது? அதே சட்டத்தின் 19(பி) பிரிவு இதற்குத்தான் இருக்கிறது. ஒப்பந்தத்துக்குப் பிறகு விற்பவரிடமிருந்து உரிமை பெற்ற எவர் மீதும் அந்த ஒப்பந்தத்தை நிறைவேற்றலாம் என்பது பொதுவிதி. ஒரே ஒரு ஆளுக்கு மட்டும் விலக்கு உண்டு. அவர் விலை கொடுத்து வாங்கியிருக்க வேண்டும். அந்தப் பணத்தைச் செலுத்தி முடித்திருக்க வேண்டும். நன்னம்பிக்கையோடு செலுத்தியிருக்க வேண்டும். முந்தைய ஒப்பந்தம் பற்றிய அறிவிப்பு அவருக்கு இருந்திருக்கக் கூடாது.

இந்த நான்கும் சேர்ந்தே இருக்க வேண்டும். ஒன்று குறைந்தாலும் கவசம் போய்விடும். அட்வான்ஸ் வாங்கிய பிறகு மனம் மாறுகிறவர்கள், அவசர அவசரமாக மகன் பெயருக்கோ மனைவி பெயருக்கோ செட்டில்மெண்ட் எழுதிவைப்பதைப் பார்க்கிறேன். அங்கே விலையே இல்லை. அதனால் மகனுக்கு ஒன்றும் தெரியாது என்று சொல்லிப் பயனில்லை. தந்தையைக் கட்டிய ஒப்பந்தம் மகனையும் கட்டும். அதேபோல, பாதிப் பணம் கொடுத்த நிலையில் பழைய அக்ரிமெண்ட் பற்றிக் காதில் விழுந்தும், ‘இனி என்ன செய்வது’ என்று மீதியைக் கொடுத்துப் பத்திரம் முடித்தவருக்கும் விலக்கு கிடைக்காது. பணம் செலுத்தி முடிக்கும்வரை அறியாதவராக இருந்திருக்க வேண்டும்.

இதை நிரூபிக்க வேண்டியவர் யார்? ‘எனக்குத் தெரியாது’ என்று சொல்கிறவரே. லண்டனிலிருந்த பிரிவி கவுன்சில் 1934-இல் இந்தியாவிலிருந்து போன வழக்கில் அப்படித்தான் சொன்னது. விலக்கு கேட்பவர் தனக்கு விலக்கு பொருந்தும் என்று காட்ட வேண்டும். தெரியாது என்பதை ஒருவர் எப்படி நிரூபிப்பார்? அதனால் முதல் சுமை இலேசானதுதான். கூண்டில் ஏறி, சத்தியம் செய்து, தெரியாது என்று சொல்ல வேண்டும். அதற்குப் பிறகு குறுக்கு விசாரணை. வழக்கின் உயிர் அந்த அரைமணி நேரத்தில்தான் இருக்கிறது.

நான் நடத்திய ஒரு வழக்கைச் சொல்கிறேன். ஊர் பெயரும் ஆள் பெயரும் வேண்டாம். கடைத்தெருவில் ஒரு கட்டடம். அதில் நெடுங்காலமாக வாடகைக்கு மாவு மில் நடத்தியவர் என் கட்சிக்காரர். உரிமையாளர் குடும்பம் சென்னையில் இருந்தது. “நீங்களே எடுத்துக்கங்க அண்ணே” என்று உரிமையாளர் சொல்ல, விலை பேசி, இருபது ரூபாய் முத்திரைத்தாளில் ஒப்பந்தம் எழுதினார்கள். தமிழ்நாட்டில் அக்ரிமெண்டைப் பதிவது கட்டாயமாவதற்கு முந்தைய காலம் அது. மில்காரர் அறுவடை சீசனுக்கு சீசன் பணம் கொடுத்து, பின்பக்கம் வரவு எழுதி வாங்கினார். கடைசித் தவணைக்கு முன்னால், பள்ளி ஆசிரியராக இருந்து ஓய்வுபெற்ற ஒருவர் அதைவிடக் கூடுதல் விலைக்கு அந்தக் கட்டடத்தைக் கிரயம் வாங்கிப் பதிந்துவிட்டார். அவர் போட்ட பணம் அவருடைய ஓய்வூதியப் பலன்.

ஆசிரியர் பொய் சொல்லாதவர். அது கூண்டில் அவர் நின்ற விதத்திலேயே தெரிந்தது. வில்லங்கம் போட்டுப் பார்த்தாரா? பார்த்தார். சட்டக் கருத்து வாங்கினாரா? வாங்கினார். அவருடைய ஃபைலில் ஒரு குறையும் இல்லை. நான் கேட்டவை மிகச் சில கேள்விகள்.

“வாங்குவதற்கு முன் கட்டடத்தைப் போய்ப் பார்த்தீர்களா?”

“பார்த்தேன்.”

“அங்கே மில் ஓடிக்கொண்டிருந்ததா?”

“ஓடிக்கொண்டிருந்தது.”

“மில் நடத்துபவர் எந்த உரிமையில் இருக்கிறார் என்று யார் சொன்னார்கள்?”

“வாடகைக்கு இருக்கார்னு விற்பவர் சொன்னார்.”

“மில்காரரிடம் கேட்டீர்களா?”

அவர் சற்று யோசித்தார். “கேட்கலைங்க” என்றார்.

அந்த ஒரு சொல்லில் வழக்கு முடிந்தது. காரணம், ‘அறிவிப்பு’ என்பதற்குச் சொத்துரிமை மாற்றுச் சட்டத்தின் 3-ஆவது பிரிவு தரும் பொருள் மிக அகலமானது. உண்மையில் தெரிந்திருந்தால் அறிவிப்பு உண்டு. செய்திருக்க வேண்டிய விசாரணையை வேண்டுமென்றே செய்யாமல் விட்டதால் தெரியாமல் போயிருந்தாலும், பெருங்கவனக்குறைவால் தெரியாமல் போயிருந்தாலும், தெரிந்ததாகவே சட்டம் எடுத்துக்கொள்ளும். 1929-ஆம் ஆண்டுத் திருத்தத்தில் சேர்ந்த ஒரு விளக்கம் இன்னும் வெளிப்படையாகப் பேசுகிறது. ஒரு சொத்தை வாங்குகிறவருக்கு, அந்த நேரத்தில் அதை நேரடியாகத் தன் கைவசம் வைத்திருப்பவருக்கு என்ன உரிமை இருந்தாலும் அதைப் பற்றிய அறிவிப்பு இருந்ததாகவே கொள்ளப்படும்.

இதன் வேர் பழையது. 1809-இல் இங்கிலாந்தில் லார்டு எல்டன் என்ற நீதிபதி முன் கிட்டத்தட்ட இதே பிரச்சினை வந்தது. குத்தகைதாரர் ஒருவர் தான் இருந்த இடத்தையே வாங்க ஒப்பந்தம் போட்டிருந்தார். உரிமையாளர் அதை வேறொருவருக்கு விற்றுவிட்டார். குத்தகைதாரர் இருப்பது தெரிந்தால் அவருக்குக் குத்தகைக்கு மேல் வேறு உரிமை உண்டா என்று கேட்டிருக்க வேண்டும் என்றார் எல்டன். ஏறத்தாழ இருநூறு ஆண்டுகளுக்குப் பிறகு, 2000-ஆவது ஆண்டில், தமிழ்நாட்டிலிருந்து உச்ச நீதிமன்றம் போன வழக்கிலும் அதே நிலைமை. வாடகைதாரர்தான் ஒப்பந்தக்காரர். அவர் அங்கே இருப்பது பின்னால் வாங்கியவருக்குத் தெரியும். எந்த அடிப்படையில் இருக்கிறார் என்று அவரிடமே விசாரிக்காமல், ‘வாடகைதாரர்தானே’ என்று ஊகித்துக்கொண்டது நன்னம்பிக்கை ஆகாது என்று தீர்ப்பானது.

என் கட்சிக்காரர் வென்றார். தீர்ப்பன்று ஆசிரியர் என்னிடம் வந்து, “நான் யாருக்கும் துரோகம் பண்ணலையே அம்மா” என்றார். இல்லை, அவர் பண்ணவில்லை. அதை அவரிடம் சொன்னேன். இந்தக் கட்டுரையை எழுதத் தூண்டியது அவர் முகம்தான். வில்லங்கச் சான்று வாங்க ஒருநாள் செலவழித்தவர், மில் வாசலில் நின்று ஐந்து நிமிடம் பேசியிருக்கலாம். அப்படிப் பேச வேண்டும் என்று அவருக்கு யாருமே சொல்லித் தரவில்லை. பட்டாவைப் பார், வில்லங்கத்தைப் பார் என்று சொல்லும் நாம், இடத்தில் இருக்கும் மனிதரைப் பார் என்று சொல்வதில்லை.

கேட்கும்போது அவர் எழுதிக் கொடுத்தால் இன்னும் நல்லது. ‘நான் மாதம் இவ்வளவு வாடகைக்கு இருக்கிறேன், இந்தச் சொத்தை வாங்க எந்த ஒப்பந்தமும் இல்லை’ என்று வாடகைதாரரிடம் ஒரு கடிதம் வாங்கி வைத்தால் பின்னாளில் அந்த ஒரு தாள் கட்டடத்தையே காப்பாற்றும். அவர் தர மறுத்தால், மறுப்பே ஒரு செய்தி. விவசாய நிலமானால் உழுகிறவரிடம் கேட்க வேண்டும். காலி மனையானால், வேலி போட்டிருப்பது யார், கல் நட்டிருப்பது யார் என்று பக்கத்து மனைக்காரரிடம் கேட்க வேண்டும்.

புரோக்கர் விஷயத்திலும் எச்சரிக்கை தேவை. நம் சார்பில் வேலை பார்க்கும் முகவருக்கு, அந்த வேலையின்போது தெரியவந்த விஷயம் நமக்கும் தெரிந்ததாகவே அதே 3-ஆவது பிரிவு கருதுகிறது. ‘முன்னாடி ஒருத்தர் அட்வான்ஸ் குடுத்திருந்தார், அது முறிஞ்சுபோச்சு’ என்று புரோக்கர் காதில் விழுந்து, அவர் நம்மிடம் சொல்லாமல் விட்டிருந்தாலும் ஆபத்து நமக்குத்தான்.

சரி, வெறும் காலி இடம், யாரும் கைவசத்தில் இல்லை. அங்கே அக்ரிமெண்ட்காரருக்குத் துணை பதிவு அலுவலகம். பதிவு செய்த ஒப்பந்தம் வில்லங்கச் சான்றில் ஏறும். ஏறினால் உலகத்துக்கே தெரிந்ததாகச் சட்டம் கொள்ளும். பின்னால் வாங்குகிறவர் அதைப் பார்க்கவில்லை என்று சொல்ல முடியாது. 2024 ஜூலையில் உச்ச நீதிமன்றம் இதை மறுபடி உறுதி செய்தது. அதே தீர்ப்பில் இன்னொரு குழப்பமும் தீர்ந்தது. பின்னால் எழுதிய கிரயப் பத்திரங்களை ரத்து செய்யும்படி முதல் ஒப்பந்தக்காரர் தனியாகக் கேட்கத் தேவையில்லை; பின்னவர்களை வழக்கில் சேர்த்து, அவர்களும் பத்திரத்தில் கையெழுத்திட உத்தரவு கேட்டால் போதும்.

தமிழ்நாட்டில் 2012 டிசம்பர் 1 முதல் நிலைமை மாறியது. நூறு ரூபாயும் அதற்கு மேலும் மதிப்புள்ள அசையாச் சொத்தை விற்பதற்கான ஒப்பந்தத்தைப் பதிவது கட்டாயம் என்று மாநிலத் திருத்தம் சொன்னது. வெள்ளைத்தாளிலும் குறைந்த மதிப்பு முத்திரைத்தாளிலும் எழுதிக்கொள்வதால் அரசுக்கு ஏற்படும் வருவாய் இழப்பு அதற்கு ஒரு காரணம். ஆனால் பதிவுச் சட்டத்தின் 49-ஆவது பிரிவில் உள்ள விலக்கைத் திருத்தம் தொடவில்லை. பதியாத ஆவணமும் ‘ஏற்றதை ஆற்றுக’ வழக்கில் ஒப்பந்தத்துக்குச் சான்றாக ஏற்கப்படலாம் என்பது அந்த விலக்கு. இரண்டும் ஒன்றுக்கொன்று முரணாகத் தெரிந்ததால் கீழ் நீதிமன்றங்கள் பல ஆண்டுகள் தடுமாறின. 2013-இல் எழுதிய ஒரு பதியாத ஒப்பந்தம் பற்றிய தமிழ்நாட்டு வழக்கில், 2023 ஏப்ரலில் உச்ச நீதிமன்றம் தெளிவுபடுத்தியது. தமிழ்நாட்டிலும் பதியாத ஒப்பந்தத்தைச் சான்றாகக் காட்டலாம்.

இந்தத் தீர்ப்பைக் கேள்விப்பட்டு, ‘இனி பதிய வேண்டியதில்லை’ என்று நினைக்கிறவர்களைப் பார்க்கிறேன். அது மிகப் பெரிய தவறு. பதியாத தாள், விற்க ஒப்புக்கொண்டவரோடு மட்டும் சண்டை போடுவதற்கு உதவும். அவர் இடத்தை விற்றுவிட்டால், வாங்கியவருக்குத் தெரியும் என்று காட்ட அந்தத் தாளில் ஒன்றுமில்லை. கைவசமும் இல்லை, பதிவும் இல்லை என்றால் பின்னவர் கூண்டில் ஏறி ‘தெரியாது’ என்று சொன்னதோடு நம் வழக்கு சரிந்துவிடும். மேலும், 2001 செப்டம்பர் 24-க்குப் பிறகு, ஒப்பந்தத்தின் பேரில் கைவசம் பெற்றவருக்கு சொத்துரிமை மாற்றுச் சட்டத்தின் 53ஏ பிரிவு தரும் பாதுகாப்பும் ஒப்பந்தம் பதிந்திருந்தால்தான் கிடைக்கும்.

பதியாத தாளின் மேல் எனக்கு இன்னொரு பயமும் உண்டு. இடத்தை நல்ல விலைக்கு விற்றுவிட்டு, பிறகு உறவினர் ஒருவரோடு சேர்ந்து, பழைய முத்திரைத்தாளில் முன்தேதியிட்டு ஓர் அக்ரிமெண்ட் தயாரித்து, வாங்கியவர் மீது வழக்குப் போடுகிறவர்கள் இருக்கிறார்கள். அப்படிப்பட்ட வழக்கில் பின்னவருக்காக நிற்கும்போது எங்கள் கேள்விகள் திசை மாறும். முத்திரைத்தாள் யார் பெயரில், எந்தத் தேதியில் வாங்கியது? எழுதியவர் யார்? முன்பணம் வங்கி வழியாகப் போனதா, ரொக்கமா? இத்தனை வருடம் மீதிப் பணத்தைக் கொடுக்காமல் ஏன் இருந்தார்? அதே போல, கடனுக்கு ஈடாக எழுதி வாங்கிய அக்ரிமெண்டுகளும் ஏராளம். வட்டிக்குக் கொடுக்கிறவர், அடமானப் பத்திரத்துக்குப் பதிலாகக் கிரய ஒப்பந்தம் எழுதச் சொல்வார். கடன் வாங்குகிறவர் அவசரத்தில் கையெழுத்துப் போடுவார். வட்டி கட்டத் தவறினால் அந்தத் தாள் சொத்தையே கேட்கும். சந்தை விலையில் பாதிகூட இல்லாத விலை, மீதிக்கு நீண்ட அவகாசம், கைவசம் மாறாமை ஆகியவை சேர்ந்து இருந்தால் நீதிபதிகள் உற்றுப் பார்க்கிறார்கள்.

முதல் ஒப்பந்தக்காரர் உண்மையானவராகவே இருக்கட்டும். பின்னவரைத் தோற்கடித்துவிட்டால் அவர் ஜெயித்ததாகுமா? ஆகாது. தன் பங்கை நிறைவேற்றத் தயாராகவும் விருப்பத்தோடும் எப்போதும் இருந்தார் என்று அவர் நிரூபிக்க வேண்டும். இது குறித்தவகைத் துயர்துடைப்புச் சட்டத்தின் 16(சி) பிரிவு. நீதிமன்றம் கட்டச் சொல்லாதவரை பணத்தைக் கட்ட வேண்டியதில்லை. ஆனால் பணம் இருந்தது, அல்லது புரட்ட வழி இருந்தது என்று காட்ட வேண்டும். வங்கிக் கணக்கு, கடன் அனுமதிக் கடிதம், பத்திரம் எழுதித் தரக் கேட்டு அனுப்பிய நோட்டீஸ் ஆகியவை இங்கே பேசும். இந்தக் குறையைச் சுட்டிக்காட்ட விற்றவருக்கு மட்டும்தான் உரிமை என்று ஒரு காலத்தில் கருதினார்கள். 2000-இல் உச்ச நீதிமன்றத்தின் மூன்று நீதிபதிகள் அமர்வு அதை மாற்றியது. பின்னால் வாங்கியவரும் அந்த வாதத்தை எழுப்பலாம். விற்றவர் ஓடி ஒளிந்துகொள்ளும் வழக்குகளில் இது பின்னவருக்குக் கிடைத்த பெரிய ஆறுதல்.

தாமதத்தின் விலையை எங்கள் ஊர் வழக்கு ஒன்று சொல்லும். மதுரையில் ஒரு வீடு. 1978 டிசம்பரில் 60,000 ரூபாய்க்கு ஒப்பந்தம், 5,000 முன்பணம், ஆறு மாதக் கெடு. வாங்க வேண்டியவர் இரண்டரை ஆண்டுகள் சும்மா இருந்துவிட்டு 1981-இல் நோட்டீஸ் அனுப்பினார். அதற்குள் விலை மூன்று மடங்கு ஏறிவிட்டதாகச் சாட்சியம் வந்தது. அசையாச் சொத்து ஒப்பந்தங்களில் கெடு உயிர்நாடி அல்ல என்ற பழைய விதியைப் பிடித்துக்கொண்டு இப்படி இருந்துவிட முடியாது என்று 1997-இல் உச்ச நீதிமன்ற நீதிபதி ஜீவன் ரெட்டி எழுதினார். நகரங்களில் விலை ஏறும் வேகத்தை நீதிமன்றம் கணக்கில் எடுக்க வேண்டும் என்றார். வீடு கிடைக்கவில்லை. குறித்தவகைத் துயர்துடைப்புச் சட்டத்தில் 2018 அக்டோபர் 1-இல் நடைமுறைக்கு வந்த திருத்தத்துக்குப் பிறகு, நிபந்தனைகளை நிறைவேற்றியவருக்கு மறுக்கும் விருப்புரிமை நீதிமன்றத்திடம் முன்போல இல்லை. ஆனால் தயாராக இருந்தாரா என்ற கேள்வி அப்படியே நிற்கிறது. இரண்டரை ஆண்டு மௌனம் அந்தக் கேள்விக்கு நல்ல பதில் ஆகாது.

வழக்குப் போடக் காலவரம்பு மூன்று ஆண்டுகள். ஒப்பந்தத்தில் தேதி குறித்திருந்தால் அந்தத் தேதியிலிருந்து; இல்லையென்றால், தர மாட்டேன் என்று மறுத்தது தெரிந்த நாளிலிருந்து. அந்த மூன்று ஆண்டை முழுதும் பயன்படுத்தும் சலுகையாக எண்ணுகிறவர்கள் பலர். இடம் மறுவிற்பனைக்குப் போகிறது என்று காதில் விழுந்த வாரமே நோட்டீஸ் அனுப்ப வேண்டும், அதன் பிரதியை வாங்கப் போகிறவருக்கும் அனுப்ப வேண்டும். அந்த ஒப்புகை அட்டை கையில் இருந்தால், பின்னவர் பணம் செலுத்துவதற்கு முன்பே அவருக்குத் தெரியும் என்பதற்கு வேறு சாட்சி தேவையில்லை.

தீர்ப்பு முதலாமவர் பக்கம் வந்தால் பத்திரத்தை யார் எழுதித் தருவது? விற்றவரிடம் இப்போது உரிமை இல்லை. பின்னவர் இவரோடு ஒப்பந்தம் போடவில்லை. உயர் நீதிமன்றங்கள் மூன்று விதமாகச் சொல்லி வந்தன. பின்னவர் திருப்பி எழுதிக் கொடுத்து அதன்பின் முதலில் விற்றவர் எழுத வேண்டும் என்றன சில. பின்னவர் மட்டும் எழுதினால் போதும் என்றன சில. இருவரும் சேர்ந்து எழுத வேண்டும் என்றது மூன்றாவது வழி. 1953 நவம்பரில் உச்ச நீதிமன்ற நீதிபதி விவியன் போஸ் மூன்றாவதைத் தேர்ந்தார். ஒப்பந்தம் விற்றவருக்கும் முதலாமவருக்கும் இடையில்தான் நிறைவேறுகிறது. பின்னவர் தன்னிடம் தங்கியிருக்கும் உரிமையைக் கடத்திவிடுவதற்காக மட்டும் அதில் சேர்கிறார், விற்றவர் தரும் தனி உறுதிமொழிகளில் அவருக்குப் பங்கில்லை. இன்றும் எங்கள் தீர்ப்பாணைகள் அந்த வடிவத்தில்தான் இருக்கின்றன. அந்தப் பத்திரம் பதியும் நாளில் சார்பதிவாளர் முன்னால் மூன்று பேரும் நிற்பார்கள். மில் வழக்கில் ஆசிரியர் வந்து கையெழுத்திட்டார். அவருடைய பணத்துக்கு விற்றவர் மீது தனி வழக்கு.

சொத்தே கிடைக்காமல் போனாலும் கொடுத்த முன்பணம் அழிந்துவிடுவதில்லை. அதற்காக அந்தச் சொத்தின் மேலேயே வாங்குபவருக்கு ஒரு பொறுப்புரிமையைச் சொத்துரிமை மாற்றுச் சட்டத்தின் 55-ஆவது பிரிவு தருகிறது. ஆனால் பணத்தைத் திருப்பித் தரும்படி வழக்குரையிலேயே மாற்றுப் பரிகாரமாகக் கேட்டிருக்க வேண்டும். கேட்காத பரிகாரத்தை நீதிமன்றம் தராது. வழக்குரையின் கடைசிப் பக்கத்தைக் கட்சிக்காரர் கட்டாயம் படிக்க வேண்டும் என்று நான் வற்புறுத்துவது இதனால்தான்.

நில உரிமையாளர்களையும் மறக்கக் கூடாது. நேர்மையாக அக்ரிமெண்ட் பதிந்து கொடுத்து, வாங்க வந்தவர் பணம் கொண்டுவராமல் மறைந்துபோன கதைகளும் உண்டு. கெடு முடிந்தாலும் அந்தப் பதிவு வில்லங்கத்தில் நிற்கும். வங்கி கடன் தராது, அடுத்தவர் வாங்கப் பயப்படுவார். ரத்துப் பத்திரத்தில் கையெழுத்திட அக்ரிமெண்ட்காரர் கூடுதல் பணம் கேட்பார். அதனால் ஒப்பந்தம் எழுதும்போதே கெடு, கெடு தவறினால் முன்பணம் என்ன ஆகும், ரத்துப் பத்திரத்தை யார் எந்த நாளுக்குள் பதிவது என்பதையெல்லாம் எழுதச் சொல்கிறேன்.

கடைசியாக, வழக்கு நடந்துகொண்டிருக்கும்போது வாங்குகிறவர்கள். இவர்கள் நிலைதான் எல்லாவற்றிலும் மோசம். அதே சொத்துரிமை மாற்றுச் சட்டத்தின் 52-ஆவது பிரிவின்படி, சொத்து பற்றிய வழக்கு நிலுவையில் இருக்கும்போது அதை வாங்கியவர் தீர்ப்புக்குக் கட்டுப்பட வேண்டும். அவருக்கு வழக்கு தெரியுமா, தெரியாதா என்ற கேள்வியே எழாது. நன்னம்பிக்கை இங்கே செல்லாது. ஆனால் அந்த வழக்கு வில்லங்கச் சான்றில் தெரிய வேண்டும் என்ற கட்டாயம் நம் மாநிலத்தில் இல்லை. பழைய பம்பாய் மாகாணத்தில் 1939-இலேயே இதற்குத் திருத்தம் கொண்டுவந்தார்கள். மகாராஷ்டிராவிலும் குஜராத்திலும் வழக்கு பற்றிய அறிவிப்பைப் பதிவு அலுவலகத்தில் பதிந்தால்தான் வாங்குகிறவரை 52-ஆவது பிரிவு கட்டும். அங்கே வில்லங்கம் தேடுகிறவர் கண்ணில் வழக்கும் படும்.

இங்கே வாங்குகிறவர் தானே தேட வேண்டியிருக்கிறது. இ-கோர்ட்ஸ் இணையதளத்தில் விற்பவர் பெயரைப் போட்டு மாவட்டம் மாவட்டமாகப் பார்க்கச் சொல்கிறேன். இனிஷியல் முன்னால் ஒரு தடவை, பின்னால் ஒரு தடவை. ஆங்கில எழுத்துக்கூட்டலை மாற்றி மாற்றி. அப்பா பெயரிலும் ஒரு தடவை. ஒரு பெயரை எத்தனை விதமாக எழுதலாமோ அத்தனை விதத்திலும் தேடினாலும் ஏதாவது ஒரு வழக்கு தப்பிவிடும். எண்பது ஆண்டுகளுக்கு மேலாக அந்த மாநிலங்களில் நடப்பில் உள்ள ஒரு பதிவேட்டு முறையை, 2012-இல் அக்ரிமெண்ட் பதிவைக் கட்டாயமாக்கிய அதே தமிழ்நாடு அரசு இங்கும் கொண்டுவரலாம். வழக்குப் போட்ட அன்றே வழக்கு எண்ணும் சர்வே எண்ணும் சார்பதிவாளர் அலுவலகத்துக்குப் போய், வில்லங்கச் சான்றில் ஒரு வரியாக ஏற வேண்டும். ஏற்கெனவே வில்லங்கச் சான்று இணையத்தில் கிடைக்கிறது, வழக்கு விவரமும் இணையத்தில் கிடைக்கிறது. இரண்டையும் இணைக்கும் திருத்தத்தைச் சட்டமன்றம்தான் செய்ய வேண்டும்.